கடனுக்குச் சிறையும் முன்ஜாமீனும்

கடனைத் திருப்பிக் கொடுக்காதவரைச் சிறையில் வைத்துப் பணத்தைக் கேட்கும் முறை, ஆங்கிலேயர் ஆட்சிக்கால இந்தியாவில் ஒளிவுமறைவற்ற சட்டமாகவே இருந்தது. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், பணம் செலுத்துமாறு நீதிமன்றம் தீர்ப்பாணை பிறப்பித்த பிறகும் செலுத்தாதிருக்கும் கடனாளியைக் கைது செய்து, குற்றவாளிகளோடு சேர்க்காமல் தனியே உரிமையியல் சிறையில் அடைக்க இடமளித்தது. கடன் 50 ரூபாய்க்கு மேற்பட்டதானால் ஆறு மாதம், அதற்கு உட்பட்டதானால் ஆறு வாரம் என்பது அதன் உச்ச வரம்பு. சிறையில் இருக்கும் நாள்களுக்கான சாப்பாட்டுப் படியைக் கடன் கொடுத்தவரே முன்கூட்டிக் கட்ட வேண்டும். படி நின்றால் கடனாளி வெளியே வந்துவிடுவார். பெண்களைப் பணத் தீர்ப்பாணைக்காகக் கைது செய்யக் கூடாது என்றும் அச்சட்டம் சொன்னது. 1936இல் கொண்டுவரப்பட்ட திருத்தம் இந்த அதிகாரத்தைக் கணிசமாகச் சுருக்கியது. கையில் வசதி இருந்தும் கொடுக்க மறுப்பவர், தப்பியோட முனைபவர், சொத்தை நாணயமின்றிக் கைமாற்றியவர் ஆகியோரை மட்டுமே சிறைக்கு அனுப்பலாம் என்றும், அதற்கு முன் கடனாளியின் தரப்பைக் கேட்டு நீதிமன்றம் காரணங்களை எழுதிப் பதிவு செய்ய வேண்டும் என்றும் அது வகுத்தது. வணிகத் தகராறுகளில், கைதுக்கு முன்பே பெறும் ஜாமீனாகிய முன்ஜாமீன் பெற்றுள்ள இடத்தை விளங்கிக்கொள்ள இந்தப் பழைய சட்டத்திலிருந்து தொடங்குவதே முறை. ஏனெனில் உரிமையியல் நீதிமன்றத்தில் மெல்ல மெல்ல மறைந்த கடன் சிறை, காவல் நிலையத்தின் வழியாக வேறு பெயரில் திரும்பி வந்த வரலாறே பெரும்பாலும் இது.

அந்த வேறு பெயரைத் தந்தது 1860ஆம் ஆண்டின் இந்திய தண்டனைச் சட்டம். மெக்காலேயின் தலைமையில் 1837இல் வரைவு கண்டு, 1862 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த அச்சட்டத்தில், கொடுக்கல் வாங்கலோடு நெருங்கிய இரண்டு குற்றங்கள் இடம்பெற்றன. ஒருவரைப் பொய்யால் நம்பவைத்து அவருடைய பொருளைப் பெறுவது ஏமாற்றுதல். அதன் கடுமையான வடிவத்துக்கு ஏழாண்டு வரை சிறை விதித்த பிரிவின் எண்ணாகிய 420, சட்டம் படிக்காதவர்களின் வாயிலும் வசைச் சொல்லாகப் புகுந்துவிட்டது. ஒருவர் நம்பி ஒப்படைத்த பொருளை நாணயமின்றித் தனதாக்கிக் கொள்வது நம்பிக்கை மோசடி. இவ்விரண்டுக்கும் வெறும் வாக்குத் தவறலுக்கும் இடையிலான எல்லையைச் சட்டம் தெளிவாகவே போட்டிருக்கிறது. சரக்கை வாங்கும்போதே பணம் கொடுக்கும் எண்ணம் இல்லாதவர் ஏமாற்றுகிறார். வாங்கும்போது எண்ணம் இருந்து, பின்னால் தொழில் நொடித்தோ தகராறு வந்தோ கொடுக்காமல் போனவர் ஒப்பந்தத்தை மீறுகிறார். முன்னதற்குச் சிறை, பின்னதற்குச் சிவில் வழக்கு. ஆனால் தொடக்க நேரத்தில் ஒருவர் மனத்தில் என்ன இருந்தது என்பது விசாரணை முடிவில்தான் தெரியவரும், கைதோ விசாரணையின் முதல் நாளிலேயே நிகழ்ந்துவிடக்கூடும். இந்த இடைவெளியில்தான் முன்ஜாமீனுக்கு வேலை இருக்கிறது.

1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் முன்ஜாமீன் என்ற ஏற்பாடே இல்லை. கைதாகிக் காவலில் இருப்பவர் ஜாமீன் கேட்பதற்கு 497, 498 ஆகிய பிரிவுகள் இருந்தன. கைது வரப்போகிறது என்று அஞ்சுபவர் என்ன செய்யலாம் என்பது குறித்து அவை எதுவும் கூறவில்லை. உயர் நீதிமன்றங்கள் இதற்கு வெவ்வேறு பொருள் கொண்டன. நாட்டுப் பிரிவினைக்குப் பின் சிம்லாவில் இயங்கிய கிழக்குப் பஞ்சாப் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, காவலில் இல்லாத ஒருவரை விடுவிப்பது என்பதற்கே பொருள் இல்லை, ஆகவே கைதுக்கு முன் ஜாமீன் தர நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்று 1949இல் முடிவு கூறியது. அதே ஆண்டில், அதே சட்டத்தின் அதே 498ஆம் பிரிவைப் படித்த லாகூர் உயர் நீதிமன்றம் அந்த அதிகாரம் உண்டு என்றது. பிரிவினைக்கு முன் ஒரே உயர் நீதிமன்றமாக இருந்ததன் இரு கிளைகள் எதிரெதிர் முடிவுக்கு வந்ததன் விளைவு இன்றளவும் நீடிக்கிறது. பாகிஸ்தானில் கைதுக்கு முந்தைய ஜாமீன் இன்றும் அப்பழைய பிரிவின் கீழேயே வழங்கப்படுகிறது. இந்தியாவிலோ அதற்கெனப் புதுச் சட்டமே இயற்ற வேண்டியதாயிற்று.

அந்தப் புதுச் சட்டத்துக்கு வித்திட்டது, 1969 செப்டம்பரில் சட்ட ஆணையம் அளித்த 41ஆவது அறிக்கை. ஆணையத்தின் அன்றைய தலைவர், நாட்டின் இரண்டாவது தலைமைத் தேர்தல் ஆணையராகவும் இருந்த கே.வி.கே. சுந்தரம். செல்வாக்கு உள்ளவர்கள் தம் போட்டியாளர்களை இழிவுபடுத்தவோ சில நாள் சிறையில் வைக்கவோ பொய் வழக்குகளில் சிக்கவைக்கிறார்கள், அரசியல் போட்டி முற்றிவரும் காலத்தில் இப்போக்கு பெருகுகிறது என்பது அவ்வறிக்கை காட்டிய முதல் காரணம். தப்பியோடும் வாய்ப்பு இல்லாத ஒருவர், முதலில் காவலுக்கு உட்பட்டுச் சில நாள் சிறையில் கிடந்து, அதன் பிறகே ஜாமீனுக்கு மனுப் போட வேண்டும் என்பதில் நியாயம் எதுவும் இல்லை என்பது இரண்டாவது. முதல் காரணம் அரசியல்வாதியை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. இரண்டாவது காரணமோ, கடையும் வீடும் குடும்பமும் கணக்குப் புத்தகமும் ஓரிடத்தில் வேரூன்றிய வணிகருக்கு அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்துகிறது. பிற்காலத்தில் முன்ஜாமீன் மனுக்களோடு வணிகர்கள் இவ்வளவு திரளாக வந்து நின்றதற்கான வேர் இந்த இரண்டாவது வாக்கியத்தில் இருப்பதாகக் கொள்வதே பொருத்தம்.

1972இல் வந்த 48ஆவது அறிக்கை இந்த யோசனையை ஏற்று, வழங்குவதற்கான காரணத்தை நீதிமன்றம் பதிவு செய்ய வேண்டும் என்பன போன்ற எச்சரிக்கைகளைச் சேர்த்தது. 1973ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 438ஆம் பிரிவாக அது இடம்பெற்று, 1974 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. பிணையில் விடத்தகாத குற்றம் ஒன்றில், அதாவது ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாத குற்றத்தில், தாம் கைது செய்யப்படலாம் என்று நம்புவதற்குக் காரணம் உள்ள எவரும் அமர்வு நீதிமன்றத்தையோ உயர் நீதிமன்றத்தையோ அணுகலாம் என்பது அதன் சாரம். 420உம் நம்பிக்கை மோசடிக்கான 406உம் அத்தகைய குற்றங்களாக இருந்தன. பிடியாணை இன்றியே காவலர் கைது செய்யத்தக்கவையும்கூட. சட்டத்தின் வாசகத்தில் முன்ஜாமீன் என்ற பெயர் இல்லை. நீதிமன்றம் அளிப்பது ஜாமீனை முன்கூட்டியே கொடுப்பதாகாது, கைது நிகழும் அந்தக் கணத்தில் ஜாமீனில் விட வேண்டும் என்ற கட்டளையே அது என்று 1976 நவம்பரில், மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி பி.என். பகவதி விளக்கினார்.

அது நெருக்கடிநிலைக் காலம். அதே 1976ஆம் ஆண்டில் உத்தரப் பிரதேச அரசு, தன் மாநில அளவில் 438ஆம் பிரிவையே நீக்கிவிட்டது. நெருக்கடிநிலை போனபின்னும் நீக்கம் போகவில்லை. 1994இல் உச்ச நீதிமன்ற அரசமைப்பு அமர்வு அந்நீக்கம் செல்லும் என்றது. 2019 ஜூனில்தான் பிரிவு அம்மாநிலத்துக்குத் திரும்பியது. இடைப்பட்ட 43 ஆண்டுகளில், நாட்டின் மக்கள்தொகை மிகுந்த மாநிலத்தில் ஒரு சரக்குத் தகராறு 420 வழக்காகப் பதிவானால், எதிர்த்தரப்பு வணிகர் அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போட்டுக் கைதுக்குத் தடை கேட்பதைத் தவிர வழியில்லை. ஜாமீன் என்று கேட்க முடியாததை வழக்கையே எதிர்த்துக் கேட்க வேண்டியிருந்தது. முதல் தகவல் அறிக்கையை ரத்து செய்யக் கோரும் மனுக்கள் அந்நீதிமன்றத்தில் பெருகியதற்கு இந்த இல்லாமையும் ஒரு காரணம். ஒரு பாதுகாப்பின் மதிப்பை அது இல்லாத இடத்தில் அளந்து பார்க்க வேண்டுமானால் உத்தரப் பிரதேசத்தின் அந்த நாற்பது ஆண்டுகளைக் காட்டிலும் தெளிவான சான்று கிடைக்காது.

1980ஆம் ஆண்டு இவ்வரலாற்றில் தனியே நின்று பார்க்க வேண்டிய ஆண்டு. அவ்வாண்டு பிப்ரவரி 4 அன்று, கொச்சி வங்கி தன் கடனாளிகள் மீது பெற்ற தீர்ப்பாணையை நிறைவேற்ற அவர்களைக் கைது செய்யக் கோரிய வழக்கில், நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதிய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்தது. ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாத ஒரே காரணத்துக்காக எவரையும் சிறையிலிடக் கூடாது என்ற, குடிமை, அரசியல் உரிமைகள் பற்றிய பன்னாட்டு உடன்படிக்கையின் 11ஆவது உறுப்பையும், வாழ்வுரிமை பேசும் அரசமைப்பின் 21ஆவது உறுப்பையும் ஒருங்கே வைத்துப் பார்த்து, கொடுக்க முடியாமை வேறு, கொடுக்க மனமில்லாத கெட்ட எண்ணம் வேறு, பின்னது நிரூபிக்கப்பட்டாலன்றிக் கடனாளியைச் சிறைக்கு அனுப்பலாகாது என்று அது கூறியது. கடன் சிறையின் உரிமையியல் கதவு அன்றோடு ஏறத்தாழ மூடியது. இரண்டே மாதம் கழித்து, ஏப்ரல் 9 அன்று, தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் தலைமையிலான ஐவர் அமர்வு முன்ஜாமீன் பற்றிய மூலத் தீர்ப்பை வழங்கியது. பஞ்சாபில் நீர்ப்பாசன, மின் துறை அமைச்சராக இருந்த குர்பக்ஷ் சிங் சிப்பியா மீதான ஊழல் குற்றச்சாட்டுகளில் எழுந்த வழக்கு அது. பஞ்சாப், ஹரியானா உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 1977இல் முன்ஜாமீனைச் சுற்றி எட்டு வேலிகளைப் போட்டிருந்தது. விதிவிலக்கான வழக்குகளில் மட்டுமே தரலாம் என்பது அவற்றில் முதன்மையானது. சட்டத்தில் இல்லாத தளைகளை நீதிமன்றம் சேர்க்கக் கூடாது என்று சொல்லி ஐவர் அமர்வு அவ்வேலிகளைப் பெரும்பாலும் அகற்றியது. முதல் தகவல் அறிக்கை பதிவாகும் வரை காத்திருக்கத் தேவையில்லை. ஆனால் வெறும் அச்சம் போதாது, நம்பத்தக்க காரணம் காட்ட வேண்டும். எந்தக் குற்றமானாலும் கைது கூடாது என்ற ஒட்டுமொத்த உத்தரவு கூடாது. நீதியை நாடும் நோக்கத்தில் எழாமல், கைதால் ஒருவரைப் புண்படுத்தி அவமானப்படுத்தும் நோக்கத்தில் எழுந்த குற்றச்சாட்டானால் முன்ஜாமீன் பொதுவாக வழங்கப்படும் என்ற அதன் நிலைப்பாடு, அமைச்சருக்காகச் சொல்லப்பட்டதாயினும், அடுத்த நாற்பது ஆண்டுகளில் கூட்டாளிகளும் சரக்கு வாங்கியவர்களும் மனை விற்றவர்களும் கையிலெடுத்த வாதமாயிற்று. இரு தீர்ப்புகளும் வெவ்வேறு கேள்விகளுக்கு விடையாக வந்தவை. கடன் வசூலுக்கு உடலைப் பிடிக்கும் வழக்கம் ஓரிடத்தில் அடைபட்ட அதே பருவத்தில், மற்றோரிடத்தில் அது நுழைவதைத் தடுக்கும் கருவி கூர்மை பெற்றது என்பதைப் பின்னோக்கிப் பார்க்கும்போதுதான் உணர முடிகிறது.

வணிகர் ஏன் காவல் நிலையத்தை நாடினார் என்பதற்குத் தமிழ்நாட்டில் கைக்கெட்டிய விடை உண்டு. பணம் கேட்டுச் சிவில் வழக்குத் தொடுப்பவர், 1955ஆம் ஆண்டுச் சட்டப்படி, கோரும் தொகையில் 7.5 சதவீதத்தை நீதிமன்றக் கட்டணமாக முதலிலேயே கட்ட வேண்டியிருந்தது. 2017இல்தான் அது 3 சதவீதமாகக் குறைந்தது. பழைய விகிதப்படி, 20 லட்ச ரூபாய்ச் சரக்குப் பாக்கிக்கு ஒன்றரை லட்சத்தை முன்னால் வைத்துவிட்டு, தீர்ப்புக்கும் அதன் பின் நிறைவேற்று மனுவுக்கும் ஆண்டுக்கணக்கில் காத்திருக்க வேண்டியிருந்தது. காவல் நிலையப் புகாருக்குக் கட்டணம் இல்லை. புகாரைப் பெற்றுக்கொண்டதற்குச் சி.எஸ்.ஆர். ரசீது என்ற துண்டுச் சீட்டு ஒன்றைக் கொடுத்து, எதிர்த்தரப்பை அழைத்து உட்காரவைத்துப் பேசும் வழக்கம் தமிழ்நாட்டுக் காவல் நிலையங்களில் உண்டு. அந்தப் பேச்சு எல்லை மீறும்போது அதற்கு மக்கள் வைத்திருக்கும் பெயர் கட்டப்பஞ்சாயத்து. பேச்சு முறிந்தால் அடுத்தது முதல் தகவல் அறிக்கை. வழக்கறிஞர்கள் மிகவும் அஞ்சுவது வெள்ளிக்கிழமை மாலைக் கைதை. அன்று மாலை நடுவர் முன் நிறுத்தப்பட்டவரின் ஜாமீன் மனு திங்களன்றே விசாரணைக்கு வரும். இடையிலுள்ள இரண்டு நாள் சிறைவாசத்தைத் தவிர்க்க, ஆறு மாதமாக மறுத்த தொகையைச் சிலர் ஒரே இரவில் ஒப்புக்கொண்டு எழுதிக் கொடுத்துவிடுவார்கள். கடன் உண்மையா, கணக்குச் சரியா என்று எவரும் பார்க்காமலேயே தகராறு அங்கே தீர்ந்துவிடுகிறது, அதுவும் எப்போதும் வலுவுள்ளவர் பக்கமே தீர்கிறது.

இதற்கு மாறான ஒரு வழியை நாடாளுமன்றமே 1988இல் காட்டியது. மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 138ஆம் பிரிவைச் சேர்த்து, பணமின்றித் திரும்பிய காசோலையைக் குற்றமாக்கியபோது, அது காவல்துறையை முற்றாக வெளியே நிறுத்தியது. முதலில் அறிவிப்பு, பணம் கட்ட அவகாசம், பிறகு நடுவரிடம் நேரடிப் புகார்; குற்றம் பிணையில் விடத்தக்கது. ஆகவே 1989 ஏப்ரல் 1 முதல் நடப்பில் இருக்கும் அப்பிரிவில் முன்ஜாமீனுக்குத் தேவையே எழவில்லை. ஆயினும் வசூலில் அவசரம் காட்டியவர்கள் அதே காசோலையை வைத்து 420இன் கீழும் புகார் கொடுக்கத் தயங்கவில்லை.

எல்லைக்கோடு எவ்வளவு நுட்பமானது என்பதை 2006 ஜூலையில் தீர்ந்த இந்தியன் ஆயில் வழக்கு காட்டுகிறது. சென்னையைச் சேர்ந்த என்.இ.பி.சி. நிறுவனத்தின் விமானச் சேவைக்கு இந்தியன் ஆயில் கழகம் எரிபொருள் கொடுத்தது. பாக்கிக்கு ஈடாக விமானங்கள் எழுதி வைக்கப்பட்டன, ஆனால் விமானம் கடனாளியின் கையிலேயே இருந்தது. பாக்கி வராத நிலையில், விமானத்தின் இன்ஜின்களையும் முக்கியப் பாகங்களையும் கழற்றிவிட்டார்கள் என்று 1997இல் கோயம்புத்தூர், ஆலந்தூர் நடுவர் நீதிமன்றங்களில் புகார்கள் தாக்கலாயின. இது சிவில் தகராறு என்று கூறி சென்னை உயர் நீதிமன்றம் அவற்றை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் புகாரைப் பிரிவு பிரிவாகப் பிரித்துப் பார்த்தது. ஈடு எழுதிய பொருள் இன்னும் கடனாளியின் உடைமையே, அவரிடம் எவரும் அதை ஒப்படைக்கவில்லை, எனவே திருட்டோ நம்பிக்கை மோசடியோ இல்லை. ஆனால் ஏமாற்றுதலும், ஈட்டின் மதிப்பை அழித்த கேடு விளைவித்தலும் புகாரின் வாசகப்படி தோன்றுகின்றன என்றது. சிவில் வழக்குகள் தாமதமானவை என்ற எண்ணத்தால் தூய சிவில் தகராறுகளைக் குற்ற வழக்குகளாக மாற்றும் போக்கு வணிக வட்டாரங்களில் வளர்ந்துவருவதாகவும் நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் அத்தீர்ப்பில் எழுதினார். அதே தவறான பிரிவைப் போடும் பழக்கம் எவ்வளவு ஆழமானது என்றால், பந்தயக் குதிரைகளுக்கு வாற்கோதுமையும் ஓட்ஸும் விற்ற பாக்கிக்காக டெல்லி ரேஸ் கிளப் மீது உத்தரப் பிரதேசத்தில் தொடரப்பட்ட வழக்கில், விற்ற சரக்கு வாங்கியவருடையதாகிவிட்ட பின் அதில் நம்பிக்கை மோசடி எப்படி வரும் என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் மீண்டும் அடிப்படையிலிருந்து விளக்க வேண்டியிருந்தது.

கைதின் முனையை மழுக்கிய மாற்றங்களும் இதற்கிடையே வந்தன. ஈரோட்டு மண்ணைச் சேர்ந்த தலைமை நீதிபதி ப. சதாசிவம் தலைமையிலான ஐவர் அமர்வு, 2013 நவம்பரில் முதல் தகவல் அறிக்கைப் பதிவைக் கட்டாயமாக்கியபோதும், வணிகக் குற்றங்கள் உள்ளிட்ட சிலவகை வழக்குகளில் முன்விசாரணைக்கு இடம் வைத்தது. ஏழாண்டு வரை தண்டனை உள்ள குற்றங்களில் கைது தானாக நிகழக் கூடாது, முதலில் அறிவிப்பு அனுப்ப வேண்டும் என்று 2014 ஜூலையில் உச்ச நீதிமன்றம் கண்டிப்பாகச் சொன்னது. 420இன் தண்டனை அந்த வரம்புக்குள் அடங்கியிருந்தது. 2020 ஜனவரி 29 அன்று மற்றோர் ஐவர் அமர்வு, முன்ஜாமீனுக்குப் பொதுவாகக் காலவரம்பு தேவையில்லை, வழக்கு முடியும் வரை அது நீடிக்கலாம் என்று பழைய ஐயத்தைத் தீர்த்தது.

ஆனால் மிகப் பெரிய திரிபு காவல் நிலையத்தில் நிகழவில்லை. முன்ஜாமீன் வழங்கும் நீதிமன்றத்துக்குள்ளேயே நிகழ்ந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தின் வழக்கமான முன்ஜாமீன் உத்தரவில், குறித்த நாளுக்குள் நடுவர் முன் நேர்நிற்றல், இரு ஜாமீன்தாரர்கள், அவர்களுடைய புகைப்படமும் இடக்கைப் பெருவிரல் ரேகையும், ஆதார் அட்டை அல்லது வங்கிப் புத்தக நகல், நாள்தோறும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்து ஆகிய நிபந்தனைகள் இருக்கும். இவையெல்லாம் ஆள் ஓடிவிடாதிருக்க. மோசடி வழக்குகளில் நாடெங்கும் இவற்றோடு இன்னொன்றும் சேர்ந்துகொண்டது: புகாரில் சொன்ன தொகையை அல்லது அதில் பாதியை முதலில் நீதிமன்றத்தில் கட்ட வேண்டும். பல சமயம் மனுதாரரின் வழக்கறிஞரே, கட்சிக்காரர் ஒரு தொகை கட்டத் தயார் என்று எழுந்து சொல்வார். கைதுக்கு அஞ்சியவரின் அந்தச் சம்மதத்தை மனமொப்பிய சம்மதம் என்று எப்படிக் கொள்வது? கணக்கு பார்க்கப்படவில்லை, சாட்சி விசாரிக்கப்படவில்லை. ஆனாலும் பணம் கட்டப்பட்டுவிட்டது. தேவையற்ற சிறைவாசத்திலிருந்து குடிமகனைக் காக்கப் பிறந்த ஏற்பாடு, பணம் கட்டாவிட்டால் சிறை என்ற பழைய மொழியையே பேசத் தொடங்கியது என்பது இவ்வரலாற்றின் வேதனையான கட்டம். 1936இன் திருத்தம் கூட, தீர்ப்பாணை வந்த பிறகு, கடனாளியின் தரப்பைக் கேட்ட பின்பே சிறையை அனுமதித்தது. இங்கே தீர்ப்பும் இல்லை, கேட்டலும் இல்லை.

மறுபக்கத்தின் வலியையும் மறைக்க இயலாது. 1990களில் தமிழ்நாட்டில் நிதி நிறுவனங்கள் அடுத்தடுத்துச் சரிந்தபோது ஓய்வூதியத்தையும் மகள் திருமணச் சேமிப்பையும் இழந்தவர்களுக்கு நேர்ந்தது வெறும் ஒப்பந்த மீறல் இல்லை. அவர்களுக்காகவே 1997இல் தமிழ்நாடு முதலீட்டாளர் நலப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டு, சொத்தை முடக்கி ஏலம்விட்டு வைப்புத் தொகையைப் பிரித்துக் கொடுக்கத் தனி நீதிமன்றங்கள் வந்தன. 2011இல் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லும் என்றது. பணம் மீட்கும் வேலைக்கு அதற்கென வகுத்த நடைமுறை வேண்டும் என்பதற்கு அச்சட்டமே எடுத்துக்காட்டு.

நில விற்பனை ஒப்பந்தம் ஒன்றில் எழுந்த வழக்கில் 41 லட்ச ரூபாய் கட்டினால்தான் முன்ஜாமீன் என்ற நிபந்தனையை 2021 ஜனவரியில் நீக்கிய உச்ச நீதிமன்றம், முன்ஜாமீன் வழங்கும் நீதிமன்றம் வசூல் முகவராகச் செயல்படக் கூடாது என்றது. டெல்லிக் கட்டுமானத் தகராறு ஒன்றில் 22 லட்சம் கட்டும் நிபந்தனையை 2023 ஜூலையில் நீக்கியபோது, நீதிபதிகள் ரவீந்திர பட், தீபங்கர் தத்தா அமர்வு இப்போக்கு பரவிவருவதைக் கவலையோடு பதிவு செய்தது. 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா பழைய நடைமுறைச் சட்டத்தின் இடத்தைப் பிடித்து, 438ஆம் பிரிவு 482 ஆயிற்று. மனுவைப் பரிசீலிக்கும்போது நீதிமன்றம் கருத வேண்டியவை என்று முன்பு எழுதியிருந்த பட்டியல் அதில் விடுபட்டது, முடிவு முழுக்க நீதிபதியின் மதிப்பீட்டுக்கும் முன்தீர்ப்புகளுக்கும் விடப்பட்டது. மூன்று முதல் ஏழாண்டுக்குக் குறைவான தண்டனை உள்ள குற்றங்களில், பதிவுக்கு முன் 14 நாளுக்குள் முன்விசாரணை நடத்தவும் அச்சட்டம் இடம் தருகிறது. ஓராண்டு கழித்து, 2025 ஜூலை 28 அன்று, மகாராஷ்டிரத்திலிருந்து வந்த வழக்கொன்றில் நீதிபதிகள் ஜே.பி. பார்திவாலா, ஆர். மகாதேவன் அமர்வு இன்னும் ஒருபடி மேலே சென்றது. பணம் கட்டுவதாக உறுதி தந்து ஜாமீன் பெற்று, பிறகு அந்த நிபந்தனையே செல்லாது என்று வாதிட்ட ஒருவரின் வழக்கு அது. இனி எந்த விசாரணை நீதிமன்றமும் உயர் நீதிமன்றமும், குற்றம் சாட்டப்பட்டவரோ அவர் குடும்பத்தினரோ முன்வந்து தரும் பண உறுதிமொழியின் பேரில் ஜாமீனோ முன்ஜாமீனோ வழங்கக் கூடாது, மனுவை அதன் தகுதியின் மீதே தீர்மானிக்க வேண்டும் என்று அவ்வமர்வு உத்தரவிட்டு, அதன் நகலை எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் அனுப்பச் செய்தது.